பீத்தோவனை அப்படியே போட்டுவிடவில்லை
'டை ஹார்ட் படத்தில் மைக்கேல் கேமன் பீத்தோவனை அப்படியே போட்டுவிட்டார், ஆக்‌ஷன் தவிர அவருக்கு வேறு தெரியாது' என்று ஒருவர் சொல்லியிருக்கிறார். இரண்டுமே தவறு. 1988இல் வந்த அந்த ஹாலிவுட் படத்தில், இசையமைப்பாளர் கேமன் பீத்தோவனின் ஒன்பதாம் சிம்பொனியின் மெட்டை வில்லன் கூட்டத்துக்கான கருவாக எடுத்து, துண்டு துண்டாக உடைத்துப் பின்னியிருப்பார். அந்தக் கூட்டம் கொள்ளையடிக்க வந்த பெட்டகம் திறக்கும்போதுதான் அது முழு வீச்சில் எழும். அதுவரை நம்மைக் காக்க வைத்தாரே, அதுதான் உழைப்பு. எனக்கு இன்றும் சிலிர்க்கும் இடம் அது.

அப்புறம், ஆக்‌ஷன் தவிர வேறு தெரியாது என்ற பேச்சு. கேமன் நியூயார்க்கின் ஜூலியார்ட் இசைப் பள்ளியில் ஓபோ என்ற ஊதுகருவி படித்தவர். பிங்க் ஃப்ளாய்ட் ராக் குழுவின் 'தி வால்' ஆல்பத்துக்கு ஆர்க்கெஸ்ட்ரா அமைத்தவர். அவர் இசையமைத்த இன்னொரு ஆக்‌ஷன் படமான 'லீதல் வெப்பன்' வருவதற்கு இரண்டு வருடம் முன்பே, 1985இல், இயக்குநர் டெரி கில்லியமின் 'பிரேசில்' என்ற கற்பனை நையாண்டிப் படத்துக்கு இசையமைத்துவிட்டார்.