கே.பி.எஸ். குரல் வேணும்னா முதல்ல கட்டையைக் கேளுங்க

திருவிழா நாடகத்துக்கு நோட்டீஸ் அடிக்கும்போது ஸ்திரீபார்ட் (கதாநாயகி வேஷம் கட்டுபவர்) பெயருக்கு மேலே 'கே.பி.எஸ். குரலுக்கு நிகரான' என்று ஒரு வரி சேர்க்காவிட்டால் நம்ம ராமநாதபுரம் பக்கம் கமிட்டிக்காரர்களுக்கு மனசு ஆறாது. சேர்க்கட்டும், தப்பில்லை. ஆனால் கே.பி.சுந்தராம்பாளின் அந்தக் குரல் எப்படி வந்தது என்று கேட்டால் 'அது சாமி கொடுத்தது' என்று முடித்துவிடுகிறார்கள். பாதிதான் சாமி கொடுத்தது. மீதி, நாடக மேடை கொடுத்தது. அந்த மீதியைத்தான் நாம் நம்ம ஊர் மேடையில் கெடுத்து வைத்திருக்கிறோம்.

கே.பி.சுந்தராம்பாள் 1908-ல் கொடுமுடியில் பிறந்தவர். வறுமையான வீடு. சின்ன வயதிலேயே வேலு நாயர் கம்பெனியில் பாலபார்ட்டாகச் சேர்ந்து, நல்லதங்காள் பிள்ளையாக வேஷம் கட்டினார். மைக் வராத காலம். கொட்டகையில் கடைசியில் தரையில் உட்கார்ந்திருப்பவருக்கும் பாட்டின் சொல் விளங்க வேண்டும். அதற்கு ஒரே வழி உச்ச சுருதி. தாழ்ந்த சுருதியில் எவ்வளவு உருக்கமாகப் பாடினாலும் பத்து வரிசைக்கு மேல் போகாது. மேல் ஸ்தாயியில் நின்று பாடினால் குரல் தானாகவே கனத்து, கூட்டத்தின் இரைச்சலைக் கிழித்துக்கொண்டு போகும். வருஷக்கணக்கில் ராத்திரி ராத்திரியாக இப்படிப் பாடித்தான் அந்தத் தொண்டை உரமேறியது.

பாடகரும் நடிகருமான எஸ்.ஜி.கிட்டப்பாவோடு அவர் ஜோடி சேர்ந்தது கொழும்பு மேடையில், 1926 வாக்கில். அந்தக் காலத்தில் கொழும்பு நாடகத்துக்குப் போக இரண்டு பாதை. ஒன்று தூத்துக்குடியில் கப்பல். இன்னொன்று நம்ம வாசல் வழி: 1914-ல் பாம்பன் பாலம் திறந்த பிறகு தனுஷ்கோடி வரை ரயில், அங்கிருந்து தலைமன்னாருக்குக் கப்பல், மறுபடி ரயில். உடுப்புப் பெட்டியும் ஆர்மோனியமுமாக நாடகக்காரர்கள் இறங்கி ஏறிய துறை அது. 1964 டிசம்பர் புயல் அதைக் கொண்டுபோய்விட்டது. இன்று அங்கே போகிறவர்கள் இடிந்த சர்ச்சின் முன்னால் போட்டோ எடுத்துக்கொண்டு திரும்புகிறார்கள்.

அந்த ஜோடியின் ரகசியம் அழகோ வசனமோ இல்லை, சுருதி. பாடுபவர் ஆதாரமாக வைக்கும் சுருதியைக் கட்டைக் கணக்கில் சொல்வார்கள்; எண் ஏறினால் சுருதி ஏறும். சாதாரணமாக ஆண் குரலுக்கு 1 கட்டை, 2 கட்டை. பெண் குரலுக்கு 5, 5½. இருவரும் ஒரே காட்சியில் மாறி மாறிப் பாட வேண்டும். ஆண் 5 கட்டைக்கு ஏறினால் பஞ்சமத்தை (ப) தாண்டும்போது குரல் பிளக்கும். பெண் 2 கட்டைக்கு இறங்கினால் கீழ் ஸ்தாயியில் வெறும் காற்றுதான் வரும். கிட்டப்பாவின் குரலோ பெண் சுருதிக்கே ஏறி அங்கேயே சுகமாக உலாவக்கூடியது. அதனால் பாட்டிலேயே வாதாடும் தர்க்கத்தில் ஒருவர் விட்ட இடத்தில் மற்றவர் எடுக்க முடிந்தது. 1927-ல் கல்யாணம். 1933 டிசம்பரில் கிட்டப்பா இறந்தபோது அவருக்கு 27 வயது, சுந்தராம்பாளுக்கு 25. அதற்கப்புறம் வெள்ளைப் புடவைதான். எந்த ஆணுக்கும் ஜோடியாக நடிக்கவில்லை.

சினிமாவுக்கு வந்தது 1935-ல். நந்தனாராக ஆண் வேஷம், சம்பளம் 1 லட்சம் ரூபாய். அன்றைக்கு அது யாரும் கேள்விப்படாத தொகை. படத்தில் பனைமரமும் எருமையும் ஆட்டுக்குட்டியும்தான் நன்றாக நடித்தன என்கிற மாதிரி கல்கி கிண்டலடித்தார். பனைக்கு நம்ம ஜில்லாவில் எப்போதும் மரியாதை உண்டு, அது வேறு விஷயம். கிண்டலில் நியாயமும் இருந்தது. நாடக மேடையில் பாட்டு வந்தால் நடிப்பு நிற்கும். கால் ஊன்றி, ஜனங்களைப் பார்த்து நின்றுதான் பாட வேண்டும். கேமரா முன்னால் அது அசையாத பொம்மை மாதிரி தெரியும். 1953-ல் ஔவையார் வேஷம் ஏன் அப்படிப் பொருந்தியது என்றால், கோலூன்றி நின்று பாடும் கிழவிக்கு அந்த அசையாமையே நடிப்பு. 1965-லும் அதே ஔவைதான். 1969-ம் வருஷத்துக்கான பின்னணிப் பாடகி தேசிய விருது வாங்கியபோது வயது அறுபதைத் தாண்டியிருந்தது. அறுபதில் அந்தக் குரல் நின்றதற்குக் காரணம் இருபதில் மைக் இல்லாமல் பாடியது.

இப்போது நம்ம ஊருக்கு வருவோம். வள்ளி திருமணம் நாடகத்துக்கு ராஜபார்ட்டை (கதாநாயகன் வேஷம்) ஓர் ஊரில் இருந்தும் ஸ்திரீபார்ட்டை இன்னோர் ஊரில் இருந்தும் தனித்தனியாகப் பேசுகிறோம். ஒத்திகை கிடையாது, ஸ்பெஷல் நாடகத்தின் வழக்கமே அதுதான். போட்டோவைப் பார்த்துப் பேசுகிறோமே தவிர, கட்டையை யாரும் கேட்பதில்லை. ராஜபார்ட் 2 கட்டை, ஸ்திரீபார்ட் 5 கட்டை என்றால் பிரச்சினையே இல்லை. 2 கட்டைக்கு மத்தியமம் (ம) எதுவோ அதுதான் 5 கட்டையின் ஷட்ஜமம் (ச). ஆர்மோனியக்காரர் நொடியில் மாறிக்கொள்வார். 1-க்கு 4 கட்டையும் அப்படியே. 2-க்கு 5½ என்று அமைந்தால்தான் ராத்திரி முழுக்க இழுபறி; விடியும்போது இருவருக்கும் தொண்டை போயிருக்கும். மிருதங்கம் ஒரு சுருதிக்குத்தான் சேரும், ஆகவே இரண்டு வேண்டும்: உச்ச சுருதிக்கு 22 அங்குலம், தாழ்ந்ததற்கு 24. இரண்டாவது மிருதங்கத்துக்குக் கணக்குப் பார்க்கிற கமிட்டி, சீரியல் லைட்டுக்குப் பார்ப்பதில்லை.

கடலோர மேடைக்குத் தனிச் சங்கடங்களும் உண்டு. நடுராத்திரிக்கு மேல் ஈரக்காற்று ஏற ஏற மிருதங்கத் தோல் தளர்ந்து சுருதி இறங்கும். ஆர்மோனியம் இறங்காது. ஒரு மணி வாக்கில் இரண்டும் ஒட்டாமல் கேட்பது அதனால்தான்; வாசிப்பவர் மேல் பழி போடாதீர்கள். காட்சி மாறும்போது கல்லும் கட்டையுமாகத் தட்டிச் சேர்க்க அவருக்கு ஐந்து நிமிஷம் கொடுங்கள். உப்புக்காற்று ஆர்மோனியத்தின் பித்தளை ரீடில் பச்சை பூக்க வைக்கும். நாடகம் முடிந்ததும் துணி சுற்றிப் பெட்டியில் வைக்காமல் காலை வரை மேடையில் போட்டால் ஒன்றிரண்டு கட்டை ஊமையாகிவிடும்.

கச்சான் காற்று அடிக்கிற மாதங்களில் மைக்குக்கு ஸ்பாஞ்ச் போடாவிட்டால் 'புர் புர்' என்பது மட்டும்தான் கேட்கும். பெரிய பாக்ஸ் எல்லாம் ஜனங்களைப் பார்த்து இருக்க, மேடையில் நிற்பவருக்கு ஆர்மோனியமே கேட்பதில்லை. காற்று வாரிக்கொண்டு போய்விடும். நடிகரை நோக்கி ஒரு சின்ன பாக்ஸ் திருப்பி, அதில் ஆர்மோனியம் மட்டும் விடச் சொல்லுங்கள். அபஸ்வரம் பாதி குறையும். அப்புறம் அந்த எக்கோ. பபூன் வரும்போது வைத்துக்கொள்ளுங்கள், நாரதர் வள்ளியோடு தர்க்கம் தொடங்கியதும் அணைத்துவிடுங்கள். தர்க்கத்தின் உயிர் சொல்லில் இருக்கிறது. எக்கோவில் ஒரு சொல்லின் வால் அடுத்த சொல்லின் தலையில் ஏறி, வெறும் கூச்சலாகிவிடும்.

நேரம்தான் பெரிய வருத்தம். பத்து மணிக்குத் தொடங்கி பபூன் டான்ஸுக்கே இரண்டு மணி நேரம் போனால், வேலன் வேஷம் வரும்போது பாய்கள் காலி. நாட்டுப்படகுக்காரர்கள் கடலுக்குக் கிளம்ப வேண்டும், அவர்களைக் குறை சொல்ல முடியாது. ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை விசைப்படகுத் தடைக்காலம். விசைப்படகு ஆட்கள் கரையில் இருக்கிற அந்த இரண்டு மாதத்தில் நாடகம் வைத்தால் விடிய விடியக் கூட்டம் நிற்கும். இரவு ஒலிபெருக்கி அனுமதி சிக்கலாக இருந்தால் ஏழு மணிக்கே திரையைத் தூக்கி, டான்ஸை அரை மணியில் முடித்து, மிச்ச நேரத்தை வள்ளிக்கும் வேலனுக்கும் விடுங்கள். டான்ஸைக் குறைத்தால் இளவட்டங்கள் விசிலடிப்பார்கள்தான். அடித்துவிட்டுப் போகட்டும்.

அடுத்த முளைக்கொட்டுத் திருவிழாவுக்கு ஏஜென்டிடம் பேசப் போகிறவர்கள், ரேட்டைக் கேட்பதற்கு முன்னால் இரண்டு பேருக்கும் எத்தனை கட்டை என்று கேட்டு எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். ஆர்மோனியக்காரரை அதற்குப் பிறகு பேசுங்கள். நோட்டீஸில் அவருக்கும் ஒரு போட்டோ போடுங்கள்.