தார் பூசிய போஸ்டர்

எங்கள் ஊர்ப் பேருந்து நிலையச் சுவரில் மலையாளக் கவர்ச்சிப் படத்தின் காலைக்காட்சிப் போஸ்டர் ஒட்டினால், மறுநாளே யாராவது தார் பூசிவிடுவார்கள். தார் விழுவது எப்போதும் போஸ்டரில் இருக்கும் பெண்ணின் மேல்தான். தயாரிப்பாளர் பெயரும் தியேட்டர் பெயரும் பளிச்சென்று இருக்கும். 'மலையாளப் படம்' என்றாலே கள்ளச் சிரிப்பு சிரித்த காலம் அது. அதே வாய்கள்தான் இன்று "படம் என்றால் மலையாளப் படம்தான்" என்கின்றன, என் வாயும் சேர்த்து.

ஷகிலா நடித்து 2000-இல் வந்த 'கின்னாரத்தும்பிகள்' சில லட்சங்களில் எடுக்கப்பட்டுக் கோடிகளை அள்ளியது. ஈயோட்டிக்கொண்டிருந்த கேரளத் தியேட்டர்கள் பல அந்த அலையில்தான் மூச்சு விட்டன. 2022 நவம்பரில் கோழிக்கோட்டு வணிக வளாகம் ஒன்றில் பட முன்னோட்ட விழா ஏற்பாடாகியிருந்தது. சிறப்பு விருந்தினர் ஷகிலா என்றதும் அனுமதி இல்லை என்றுவிட்டார்கள். அன்று வரிசையில் நின்று டிக்கெட் வாங்கிய ஆண்களை எந்த வளாகமும் வாசலில் நிறுத்தியதில்லை.

இப்போதுதான் எல்லாம் மாறிவிட்டதே என்பீர்கள். திரையில் மாறியிருக்கிறது, மறுக்கவில்லை. 2021-இல் 'தி கிரேட் இந்தியன் கிச்சன்' படத்தில் நிமிஷா சஜயன் ஒழுகும் சமையலறைத் தொட்டியோடு மல்லுக்கட்டியதைப் பார்த்து எத்தனை வீடுகளில் சண்டை மூண்டது! ஆனால் மலையாளத் திரையுலகில் பெண்களின் நிலையை ஆராய அரசு அமைத்த ஹேமா குழுவின் அறிக்கையைப் படியுங்கள். படப்பிடிப்பில் கழிப்பறை இல்லாததால் பெண்கள் தண்ணீரே குடிக்காமல் இருந்து சிறுநீர்த் தொற்றில் அவதிப்பட்டதைச் சொல்கிறது. 2019 டிசம்பரில் கொடுத்த அறிக்கை, 2024 ஆகஸ்டில்தான் வெளியே வந்தது. அந்தக் குழுவே சும்மா அமைந்துவிடவில்லை. 2017-இல் சக நடிகை ஒருவர் தாக்கப்பட்டபின் ஒன்றுகூடிய பெண்கள் கேட்டு வாங்கியது. அப்படிப் பேசியதால் வாய்ப்புகள் குறைந்ததை நடிகை பார்வதி வெளிப்படையாகவே சொன்னார். நாம் கொண்டாடும் மலையாள சினிமாவின் பெருமையில் இந்தக் கணக்கை யாரும் சேர்ப்பதில்லை. நல்ல திரைக்கதை, நல்ல ஒளிப்பதிவு என்று பேசி எழுந்து போய்விடுகிறோம்.

2025 ஆகஸ்டில் மலையாள நடிகர் சங்கமான 'அம்மா'வின் தலைவர் பதவிக்கு நடிகை ஸ்வேதா மேனன் போட்டியிட்டார். தேர்தல் நெருங்கிய நேரத்தில், ஆபாசப் படங்களில் நடித்தார் என்று அவர்மேல் வழக்குப் பதிவானது. தணிக்கைச் சான்றிதழோடு ஊரறிய ஓடிய படங்கள் அவை. நல்லவேளை, உயர் நீதிமன்றம் வழக்குக்குத் தடை விதித்தது. அவரும் வென்று, சங்கத்தின் முதல் பெண் தலைவரானார். 1994-இல் தொடங்கிய சங்கம் அது.