ஜாக்கி சானுக்கு முன்னால் சாமோ ஹங்கைச் சொல்லுங்கள்

பெங்களூரு ஸ்ரீராமபுரத்தில் வளர்ந்த என் வயதுக்காரர்களிடம் கராத்தே படம் என்று பேச்செடுத்தால் புரூஸ் லீ, ஜாக்கி சான், மிஞ்சிப்போனால் ஜெட் லீ. அதோடு சரி. ஹாங்காங்கின் சண்டை நடிகர், இயக்குநர் சாமோ ஹங் என்றால் "யாரு, அந்தக் குண்டு ஆளா?" என்பார்கள். ரொம்ப நாளாக எனக்கு இதில் ஆதங்கம் உண்டு. இன்றைக்குக் கொட்டிவிடுகிறேன்.

'என்டர் தி டிராகன்' (1973) பார்க்காதவர்கள் நம்மில் குறைவு. ஆரம்பச் சண்டையில் புரூஸ் லீயோடு மோதி அடிவாங்குகிறாரே, புஷ்டியான ஒரு பையன், அவர்தான் சாமோ. 1952-ல் பிறந்தவர், அப்போது 21 வயது. ஹாங்காங்கில் யூ ஜிம்-யூன் என்ற ஆசான் நடத்திய பீக்கிங் ஓபரா (பாட்டும் சண்டையும் கலந்த சீன மேடை நாடகம்) பள்ளியில் சின்ன வயசிலேயே சேர்க்கப்பட்டவர். குட்டிக்கரணம், கத்திச்சண்டை, பாட்டு எல்லாமே அங்கே அடி உதையோடுதான். ஜாக்கி சானும், இன்னொரு சண்டை நடிகரான யூன் பியாவும் அதே பள்ளியில் அவருக்குத் தம்பிகள். அந்த ஆசானின் வேடத்தையே 1988-ல் 'பெயிண்டட் ஃபேசஸ்' படத்தில் சாமோ ஏற்று நடித்தார். ஓபராவுக்கு மவுசு குறைந்து, வளர்த்த பிள்ளைகளுக்கு இனி மேடை இல்லை என்று புரிந்துகொள்ளும் ஒரு கிழவரின் முகம். ஹாங்காங் திரைப்பட விருதுகளில் சிறந்த நடிகர் விருது அதற்குக் கிடைத்தது. சண்டைக்காரருக்கு நடிக்க வராது என்று சொல்பவர்கள் அதை ஒருதரம் பார்க்கட்டும்.

ஜாக்கி சானின் மிகச் சிறந்த சண்டை எது என்று கேட்டால் பலரும் 'வீல்ஸ் ஆன் மீல்ஸ்' (1984) கிளைமாக்ஸைச் சொல்வார்கள். அமெரிக்க கிக்பாக்ஸர் பென்னி உர்கிடெஸ் வீசும் உதையின் காற்றிலேயே வரிசையாக நிற்கும் மெழுகுவர்த்திகள் அணைந்துபோகும். கைதட்டல் ஜாக்கிக்கு. படத்தை இயக்கியவர் சாமோ! தம்பிகளை முன்னால் நிறுத்திவிட்டுப் பின்னால் நின்ற அண்ணன் அவர்.

உடம்பு விஷயத்துக்கு வருகிறேன். நம் சினிமாவில் குண்டான ஆள் வந்தால் ஒன்று அவர் தின்னுவார், இல்லையென்றால் அறை வாங்குவார். சாமோ தன் படங்களில் காமெடி செய்தார், நிறையவே செய்தார். ஆனால் சண்டை என்று வந்துவிட்டால் அந்தக் கனம்தான் அவருக்குப் பலம். 'இப் மேன் 2' (2010) பாருங்கள். வட்ட மேஜை, சுற்றிலும் கவிழ்த்துப்போட்ட ஸ்டூல்கள், மேலே இவரும் படத்தின் நாயகன் டானி யென்னும். ஊதுபத்தி எரிந்து முடியும்வரை கீழே விழாமல் நிற்க வேண்டும். அவர் காலை ஊன்றும்போது மேஜை சாய்வது நமக்கே அடிவயிற்றில் தெரியும். 58 வயது, இதய அறுவை சிகிச்சை முடிந்து அதிக நாள் ஆகவில்லை. அந்தப் படத்தின் சண்டைக்காட்சிகளை அமைத்தவரும் அவரேதான்.

ஃபைட் மாஸ்டர்களை நாம் மதிக்கும் லட்சணம் எல்லா ஊரிலும் ஒன்றுதான். நம் தேசிய விருதில் அவர்களுக்கென்று தனிப் பிரிவு வரவே 64-வது வருஷம் ஆயிற்று. 'புலிமுருகன்' படத்துக்காக முதலில் வாங்கியவர் நம் பீட்டர் ஹெய்ன். ஆஸ்கார்காரர்கள் இன்னும் தாமதம். 2027-ல் வெளியாகும் படங்களிலிருந்துதான் கொடுக்கப்போகிறார்களாம். சாமோவுக்கு 2024-ல் ஹாங்காங்கில் வாழ்நாள் சாதனையாளர் விருது கொடுத்தார்கள். செய்தியைப் பார்த்து எனக்குக் கண் கலங்கிவிட்டது. அதே வருஷம் வந்த 'ட்வைலைட் ஆஃப் தி வாரியர்ஸ்: வால்ட் இன்' படத்திலும் எழுபது தாண்டிய மனுஷன் வில்லனாக வந்து கை ஓங்குகிறார்.

இதுவரை பார்க்காதவர்கள் அந்த மேஜைச் சண்டையில் தொடங்குங்கள். யூடியூபில் தனித் துண்டாகவே கிடைக்கும். பிடித்திருந்தால் 'தி பிராடிகல் சன்' (1981), அப்புறம் 'ஈஸ்டர்ன் காண்டார்ஸ்' (1987). அல்சூர், ஸ்ரீராமபுரம் பக்கம் யாராவது சேர்ந்து பார்க்கத் தயார் என்றால் கமெண்டில் சொல்லுங்கள். ஞாயிற்றுக்கிழமை எங்கள் வீட்டு மாடியில் போட்டுவிடலாம், முதல் படம் 'பெயிண்டட் ஃபேசஸ்'.