ஒல்மெக் தலைகளைப் பார்க்கப் போகிறவர்கள் முதலில் அந்த மண்ணுக்குப் போங்கள்

ஒரு நாள் கைடட் டூர் என்றாலே முகம் சுளிக்கிற நண்பர்கள் எனக்கு நிறைய உண்டு. வேனில் அள்ளிக்கொண்டு போவார்கள், இறக்கிவிடுவார்கள், போட்டோ எடுக்கவிட்டு மறுபடி ஏற்றிக்கொள்வார்கள், இதில் என்ன பார்க்க முடியும் என்பார்கள். பல ஊர்களில் அது சரிதான். ஆனால் மெக்சிகோவின் தபாஸ்கோ மாநிலத்துக்குப் போய், பிரம்மாண்டமான கல் தலைகளைச் செதுக்கிய பழம்பெரும் நாகரிகமான ஒல்மெக்கின் இடங்களைப் பார்க்க நினைக்கிறவர்களுக்கு நான் அடித்துச் சொல்வேன்: டூரிலேயே போங்கள். நல்ல வழிகாட்டியோடு போங்கள். லா வெந்தா தொல்லியல் களத்தையும் வியாஎர்மோசா நகரத்துப் பூங்காவையும் ஒரே நாளில் பாருங்கள். களம் காலையில், பூங்கா மாலையில். இந்த வரிசையை மட்டும் மாற்றாதீர்கள்.

ஏன் இவ்வளவு அழுத்திச் சொல்கிறேன் என்றால், இங்கே கற்கள் ஓரிடத்தில் இருக்கின்றன, அவை நின்ற ஊர் வேறிடத்தில் இருக்கிறது. இரண்டுக்கும் இடையே நூறு கிலோமீட்டருக்கு மேல் சாலை. 1950களில் லா வெந்தாவில் எண்ணெய் எடுக்க வந்தார்கள். விமான ஓடுதளம் வந்தது, எண்ணெய் நிறுவனத்தின் கட்டடங்கள் வந்தன, குடியிருப்புகள் பெருகின. பழைய நகரத்தின் மேலேயே புதிய ஊர் ஏறி உட்கார்ந்தது. அப்போது தபாஸ்கோவின் கவிஞர் கார்லோஸ் பெயிசேர் முன்னால் நின்று, சிற்பங்களை ஒவ்வொன்றாக வியாஎர்மோசாவுக்குக் கொண்டுவந்தார். ஏரிக்கரையில், மரங்களுக்கு நடுவே, காட்டுக்குள் பார்ப்பது போலவே அமைத்து, 1958 மார்ச்சில் திறந்தார்கள். அதுதான் லா வெந்தா பூங்கா அருங்காட்சியகம். அந்த மனிதர் செய்த காரியத்துக்கு எனக்குப் பெரிய மரியாதை உண்டு. அவர் செய்யாமல் விட்டிருந்தால் அந்தக் கற்களில் பல இன்று என்ன ஆகியிருக்கும் என்று நினைக்கவே மனம் வரவில்லை.

ஆனால் அந்த மீட்பின் விளைவாக, பெரும்பாலான பயணிகள் பூங்காவை மட்டும் பார்த்துவிட்டு ஒல்மெக்கைப் பார்த்துவிட்டோம் என்று திரும்புகிறார்கள். "லா வெந்தாவில் இப்போது இருப்பதெல்லாம் நகல்தானே, அங்கே போய் என்ன செய்ய?" என்று கேட்கிறார்கள். இந்தக் கேள்விதான் எனக்குப் பொறுக்கவில்லை.

லா வெந்தா ஒரு நகரம். கி.மு. 900 வாக்கில் தொடங்கி கி.மு. 400 வரை, தோனலா ஆற்றுச் சதுப்பு நிலத்துக்கு நடுவே மேடாக இருந்த இடத்தில் நின்ற நகரம். அதன் பெரிய பிரமிடு கல்லால் கட்டியதல்ல, முழுக்க மண். ஏறக்குறைய 30 மீட்டர் உயரம். ஒரு லட்சம் கன மீட்டர் அளவுக்கு மண் கொட்டி எழுப்பியது. எல்லாம் மனிதர்கள் சுமந்த மண். பாரம் இழுக்க மாடோ குதிரையோ அந்த நிலத்தில் கிடையாது. இன்று அது மழையில் கரைந்து, புல்லும் மரமும் மூடி, சாதாரணக் குன்று போலத் தெரியும். ஒரு காலத்தில் எரிமலையைப் போல வேண்டுமென்றே கூம்பாகக் கட்டினார்கள் என்றுகூடச் சிலர் நம்பினார்கள். 1980களில் தொடங்கிய தொல்லியலாளர் ரெபெக்கா கொன்சாலெஸ் லாவுக்கின் ஆய்வுகளுக்குப் பிறகுதான் அது படிப்படியான பிரமிடாக இருந்தது என்பது தெளிவாயிற்று. வழிகாட்டி இதைச் சொல்லாவிட்டால் நீங்கள் ஒரு மண்மேட்டைப் பார்த்துவிட்டு வேனுக்குத் திரும்பிவிடுவீர்கள். சொன்னால், அந்த அடிவாரத்தில் நிற்கும்போது கழுத்து தானாக நிமிரும்.

பிரமிடுக்கு வடக்கே உள்ள பகுதிதான் என்னை உலுக்கியது. மேலே பார்க்க அங்கே ஒன்றும் இல்லை. எல்லாம் மண்ணுக்கு அடியில் நடந்தவை. செர்பென்டைன் என்ற பச்சைக் கல்லைத் தொலைவிலிருந்து கொண்டுவந்து, ஆழமாகக் குழி வெட்டி, அடுக்கடுக்காகப் பரப்பி, மண் போட்டு மூடியிருக்கிறார்கள். நூற்றுக்கணக்கான கற்பலகைகளை இழைத்துப் பெரிய முகம் போன்ற ஒரு வடிவத்தைத் தரையில் பதித்து, முடித்த கையோடு அதையும் புதைத்திருக்கிறார்கள். யார் கண்ணுக்கும் படாத ஒரு வேலைக்கு இவ்வளவு உழைப்பு!

1955இல் அங்கே கிடைத்த ஒரு காணிக்கையைப் பற்றி வழிகாட்டியிடம் கட்டாயம் கேளுங்கள். ஆய்வாளர்கள் அதை நான்காம் காணிக்கை என்பார்கள். 16 சிறு உருவங்கள், பின்னால் நட்டு வைத்த 6 கற்பலகைகள். உருவங்களில் பெரும்பாலானவை ஜேட், செர்பென்டைன் போன்ற பச்சைக் கற்கள். ஒன்று மட்டும் சொரசொரப்பான வேறு கல். அந்த ஒருவர் பலகைகளுக்கு முதுகைக் காட்டி நிற்க, மற்றவர்கள் அவரைப் பார்த்து நிற்கிறார்கள். ஏதோ ஒரு கூட்டம், ஏதோ ஒரு முடிவு, ஏதோ ஒரு சடங்கு. இதைவிட வியப்பு அடுத்துதான் வருகிறது. புதைத்துப் பல காலம் கழித்து யாரோ சரியாக அதே இடத்தில், உருவங்களின் தலை தெரிகிற அளவுக்கு மட்டும் தோண்டிப் பார்த்துவிட்டு, எதையும் எடுக்காமல் மறுபடி மூடியிருக்கிறார்கள். அப்படியென்றால் எங்கே என்ன இருக்கிறது என்ற நினைவு அந்த ஊரில் கைமாறி வந்திருக்கிறது. உருவங்கள் இன்று மெக்சிகோ நகரத் தேசிய மானுடவியல் அருங்காட்சியகத்தில், கண்ணாடிக்குள் இருக்கின்றன. ஆனால் அந்த நினைவைக் காத்தவர்கள் நடந்த தரையில் நின்று இந்தக் கதையைக் கேட்பது வேறு. அதற்காகத்தான் லா வெந்தா என்கிறேன்.

வழியில் சாப்பாட்டுக்கு நிறுத்துவார்கள். பர்கர் தேடாதீர்கள், பொசோல் கேளுங்கள். அரைத்த சோள மாவையும், சாக்லேட் செய்கிற கொட்டையான கக்காவோவையும் தண்ணீரில் கரைத்து, குளிரக் குளிர, சுரைக்குடுக்கை போன்ற கிண்ணத்தில் தருவார்கள். தபாஸ்கோவின் வெக்கைக்கு அதுதான் மருந்து. வெராகுருஸ் மாநிலத்தில் உள்ள சான் லொரென்சோ, லா வெந்தாவுக்கு முந்திய ஒல்மெக் நகரம். அங்கே கிடைத்த பானைகளில் கக்காவோவின் தடயத்தைக் கண்டுபிடித்திருக்கிறார்கள். மூவாயிரம் வருடத்துப் பழக்கம் சாலையோரக் கடையில் விலைக்குக் கிடைக்கிறது.

காலையில் மண்ணைப் பார்த்துவிட்டு வந்தால் பூங்காவின் கற்கள் பேச ஆரம்பிக்கும். முதலாம் எண் தலைக்கு முன்னால் நிற்கும்போது அதன் 24 டன் எடை சும்மா ஒரு எண்ணாக இருக்காது. லா வெந்தாவில் நீங்கள் பார்த்த அந்த வண்டல் பூமியில் சிற்பம் செதுக்குகிற கல் ஒன்றுகூடக் கிடையாது என்பது உங்களுக்கு இப்போது தெரியும். அந்த எரிமலைப் பாறை துஸ்த்லா மலைகளிலிருந்து, சுமார் 100 கிலோமீட்டர் தாண்டி, சதுப்பும் ஆறும் கடந்து வந்தது. சக்கர வண்டி இல்லாமல் வந்தது. எத்தனை பேர், எத்தனை மாதம், அவர்களுக்குச் சோறு போட்டது யார், வழியில் செத்தவர்கள் எத்தனை பேர் என்றெல்லாம் மனது கேட்கத் தொடங்கும்.

எல்லோரும் தலையோடு செல்ஃபி எடுத்துக்கொண்டிருக்கும்போது நீங்கள் பலிபீடம் என்று பெயர்ப்பலகை வைத்திருக்கும் நான்காம், ஐந்தாம் எண் கற்களுக்கு முன்னால் நில்லுங்கள். அவை உண்மையில் அரியணைகள் என்பதை 1970களில் தொல்லியலாளர் டேவிட் குரோவ் எடுத்துக்காட்டினார். நான்காம் எண்ணில் குகை வாயிலிலிருந்து ஒருவர் வெளியே வந்து உட்கார்ந்திருக்கிறார். கையில் கயிறு. அந்தக் கயிறு கல்லின் பக்கவாட்டில் இருக்கும் இன்னொரு மனிதர் வரை போகிறது. கைதியா, உறவினரா என்று இன்றும் வாதம் நடக்கிறது. ஐந்தாம் எண்ணில் வெளியே வருகிறவர் கையில் துவண்டு கிடக்கும் ஒரு குழந்தை. பக்கவாட்டில் மற்றவர்கள் கைகளிலோ குழந்தைகள் துள்ளிக்கொண்டு, பிடியில் நிற்காமல் இருக்கின்றன. எனக்கு அந்தக் கல்லை விட்டு நகரவே மனம் வரவில்லை. தலைகளில் சில, முன்பு அரியணையாக இருந்தவற்றைத் திருப்பிச் செதுக்கியவை என்பதற்குச் சான் லொரென்சோவில் சான்று இருக்கிறது. ஓர் அரசர் உட்கார்ந்த ஆசனமே பிறகு அவர் முகமானது என்று சில ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். இதையெல்லாம் தெரிந்த வழிகாட்டி கிடைத்தால் அவருக்குக் கூலிக்கு மேல் கொடுங்கள்.

இனி, எனக்கு மிகவும் ஆதங்கமான விஷயத்துக்கு வருகிறேன். ஒல்மெக் டூர்களில், அதைவிட அதிகமாக யூடியூபில், ஒரு கதை திரும்பத் திரும்ப ஓடுகிறது: இந்தத் தலைகள் ஆப்பிரிக்கர்களின் முகங்கள், கடல் கடந்து வந்தவர்கள்தான் இவற்றைச் செய்தார்கள் என்று. இது புதிதல்ல. 1862இல் முதல் தலையைப் பார்த்த ஹோசே மெல்கார் 1869இல் அதைப் பற்றி எழுதும்போதே எத்தியோப்பிய முகம் என்றுதான் எழுதினார். ஒன்றரை நூற்றாண்டு ஆகியும் அந்தப் பேச்சு ஓயவில்லை. ஆப்பிரிக்காவிலிருந்து வந்த ஒரு பானை ஓடு, ஓர் உலோகத் துண்டு, எந்த ஒல்மெக் களத்திலும் கிடைத்ததில்லை. சான் லொரென்சோ பகுதி எலும்புகளில் எடுத்த மரபணுவும் அமெரிக்கப் பூர்வகுடி வகையைத்தான் காட்டியது. ஆதாரத்தை விடுங்கள், தபாஸ்கோவில் பேருந்து நிறுத்தத்தில் நிற்கிறவர்களின் முகத்தைப் பாருங்கள். அந்த மூக்கும் அந்த உதடும் இன்றும் அங்கேயேதான் நடமாடுகின்றன.

இந்தக் கதை ஏன் கோபம் தருகிறது என்றால், அது அந்த மண்ணின் மக்களிடமிருந்து அவர்கள் முன்னோர் செய்ததைப் பிடுங்குகிறது. ஏற்கெனவே ஒருமுறை அது நடந்தது. இவ்வளவு பழைய நாகரிகம், அந்தப் பக்கத்தின் இன்னொரு பழைய நாகரிகமான மாயாக்களுக்கு முன்னால் இருந்திருக்க முடியாது என்று பெரிய பெரிய அறிஞர்களே சாதித்தார்கள். மெக்சிகோவின் தொல்லியலாளர் அல்ஃபோன்சோ காசோவும் ஓவியர் மிகெல் கோவர்ரூபியாஸும் 1942இல் ஆய்வாளர்கள் கூடிய மாநாட்டில் ஒல்மெக்தான் மூத்தது என்று வாதாடினார்கள். லா வெந்தாவில் எடுத்த கரித்துண்டுகளின் காலக்கணிப்பு 1957இல் வெளிவந்த பிறகுதான் அவர்கள் பக்கம் நியாயம் நிலைத்தது. நம்மவர்களிலும் மாயாக்களை மயனோடு முடிச்சுப் போட்டு எல்லாம் இங்கிருந்து போனதுதான் என்று பகிர்கிறவர்கள் இருக்கிறார்கள். தயவுசெய்து வேண்டாம். நம் முன்னோர் செய்ததை வேறொருவர் தன்னுடையது என்று சொன்னால் நமக்கு எப்படி வலிக்குமோ அப்படித்தான் அவர்களுக்கும் வலிக்கும். வழிகாட்டி இந்த ஆப்பிரிக்கக் கதையைத் தொடங்கினால் மரியாதையாக, ஆனால் எல்லோர் காதிலும் விழும்படி, ஆதாரம் என்னவென்று கேளுங்கள்.

பூங்காவைப் பற்றி இன்னொன்றும் சொல்ல வேண்டும். அழகான இடம்தான். கோவாட்டி என்ற நீள மூக்குச் சிறு விலங்குகள் காலடியில் ஓடும், மரநிழலில் கல் திடீரென்று எதிர்ப்படும். ஆனால் மூலச் சிற்பங்கள் இப்படித் திறந்தவெளியில், மழையிலும் ஈரத்திலும் பாசியிலும் இன்னும் எத்தனை காலம் நிற்பது? 2009 ஜனவரியில் சிலர் உள்ளே புகுந்து உப்புத் தண்ணீர், திராட்சைச் சாறு, எண்ணெய் என்று ஊற்றி இருபதுக்கும் மேற்பட்ட சிற்பங்களைக் கெடுத்தார்கள். மூலங்களைக் கூரைக்குக் கீழே வைத்து, நகல்களை மரங்களுக்கு நடுவே வைக்க வேண்டும் என்பதே என் கருத்து. பெயிசேர் அமைத்த காட்சி கலைந்துவிடுமே என்பார்கள். கலையட்டும். கல் பிழைக்க வேண்டும். வெராகுருஸின் தலைநகர் ஹலாபாவில் உள்ள மானுடவியல் அருங்காட்சியகம், சான் லொரென்சோவின் தலைகளைக் கூரைக்குக் கீழே, இயற்கை வெளிச்சத்தில் எவ்வளவு கண்ணியமாக வைத்திருக்கிறது என்று பார்த்தவர்கள் நான் சொல்வதை ஒப்புக்கொள்வார்கள்.

போகிறவர்களுக்கு: மார்ச், ஏப்ரலில் மழை குறைவு, வெயில் கொளுத்தும். முழுக்கை சட்டையும் கொசு மருந்தும் வேண்டும். லா வெந்தாவுக்குக் காலையிலேயே போய்ச் சேருகிற டூராகப் பார்த்துப் பதிவு செய்யுங்கள். வழிகாட்டியிடம் சுற்றுலாத் துறையின் அடையாள அட்டை இருக்கிறதா என்று கேட்பதில் தவறில்லை. களத்தில் குறைந்தது இரண்டு மணி நேரம் தருவீர்களா என்று முன்பணம் கட்டுவதற்கு முன்பே கேட்டுவிடுங்கள். அரை மணி நேரம் போதும் என்று சொல்கிற ஆளிடம் போகாதீர்கள்.