அவருக்கு ஒரு மரக்கால், அவளுக்கு ஒரு மரக்கால்

அந்த வீடியோவைப் பற்றி எழுத வேண்டாம் என்று மூன்று நாள் பொறுத்துப் பார்த்தேன். முடியவில்லை. எந்த வீடியோ என்று சொல்லத் தேவையில்லை, உங்களில் பாதிப் பேர் அதை எனக்கு அனுப்பிவிட்டீர்கள். மீதிப் பேர் என் கமெண்ட்டுக்கு வந்த பதிலைப் பார்த்துவிட்டு "டீச்சர், விடுங்க" என்று போன் செய்தீர்கள்.

நாற்பது நிமிட வீடியோ. பெற்ற குழந்தையைக் கொன்ற சீனத்து ராட்சசி என்று தலைப்பு. பேசுபொருள் ஏழாம் நூற்றாண்டில் சீனாவை ஆண்ட வூ ஸெதியன் என்ற பெண். நான் அங்கே கேட்டது ஒரே ஒரு கேள்வி. அவருக்கு முன் ஆண்ட தாங் வம்சத்து தாய்ஸொங் பேரரசரைப் பற்றிப் பேசும்போது "அவர்", "வந்தார்", "வென்றார்". வூ ஸெதியன் வந்த நிமிடத்திலிருந்து "அவ", "மயக்கினா", "கொன்னா". இரண்டு பேரும் ஒரே நாட்டை ஆண்டவர்கள்தானே, ஏன் இந்த வித்தியாசம்? இதைத்தான் கேட்டேன். மரியாதையாகத்தான் கேட்டேன்.

வந்த பதில்: "மேடம், சீன சீரியல் பார்த்துட்டு வந்து வரலாறு பேசாதீங்க." அதற்குக் கீழே வரிசையாகச் சிரிப்புக் குறிகள்.

சரி, சீரியலை விடுவோம். வரலாறே பேசுவோம்.

முதலில் தாய்ஸொங். கி.பி. 626இல் ஷுவான்வூ வாசலில் மறைந்திருந்து, பட்டத்து இளவரசராக இருந்த சொந்த அண்ணனைத் தன் கையாலேயே அம்பெய்து கொன்றவர். தம்பியையும் அங்கேயே அவருடைய ஆட்கள் கொன்றார்கள். பிறகு அந்த இருவரின் பிள்ளைகள் பத்துப் பேரும் கொல்லப்பட்டார்கள். இரண்டே மாதத்தில் பெற்ற அப்பா அரியணையை விட்டு இறங்க வேண்டியதாயிற்று. இறந்துபோன தம்பியின் மனைவி இவருடைய அந்தப்புரத்துக்கு வந்தார். இதில் யாருக்கும் சந்தேகம் கிடையாது, சீன நூல்களே சொல்கின்றன. ஆனாலும் அவர் மாமன்னர். நல்லாட்சிக்கு இலக்கணம். நானும் வகுப்பில் அப்படித்தான் நடத்தினேன், ஏனென்றால் அவருடைய ஆட்சி உண்மையிலேயே நல்ல ஆட்சி. அந்த வீடியோவில் அந்தப் பத்துப் பிள்ளைகளைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை.

இப்போது அந்தக் குழந்தை. 654இல், தாய்ஸொங்கின் மகன் காவ்ஸொங் அரசராக இருந்தபோது, அவருடைய இளைய மனைவியான வூ ஸெதியனின் கைக்குழந்தை இறந்தது. அது உண்மை. அந்தச் சாவைக் காட்டி அப்போதைய பட்டத்தரசி வாங் மீது பழி விழுந்தது, அடுத்த ஆண்டே வாங்கின் இடத்துக்கு வூ வந்தார். அதுவும் உண்மை. ஆனால் போர்வைக்குள் கையை விட்டு நெரித்தது, அரசர் வந்ததும் சிரித்த முகத்தோடு போர்வையை விலக்கியது, பிறகு அலறியது என்று சினிமா மாதிரி ஒரு காட்சி வருகிறதே, அது 1060இல் எழுதி முடித்த புதிய தாங் வரலாற்றில் இருப்பது. நடந்து 400 ஆண்டுக்குப் பிறகு. 945இல் முடித்த பழைய தாங் வரலாற்றில் இந்தக் காட்சி கிடையாது, ஆட்சியைச் சொல்லி முடித்தபின் ஆசிரியர் தன் கருத்தாகப் பழியை மட்டும் ஒரு வரியில் வைக்கிறார். 961இல் தொகுத்த இன்னொரு நூல், குழந்தை திடீரென்று இறந்தது என்று மட்டும் சொல்கிறது. முந்தைய நூல்களில் இல்லாத காட்சி, பிறகு வந்த நூலில் ஏறிக்கொள்கிறது. யாரும் இல்லாத அறையில், ரகசியமாக, போர்வைக்குள் நடந்ததைப் பார்த்தது யார்?

அவர் கொல்லவில்லை என்று நான் சொல்லவில்லை. எனக்கு அது தெரியாது. வீடியோ போட்டவருக்கும் தெரியாது. சாட்சியுள்ள பத்துப் பிள்ளைகளின் கொலையை விட்டுவிட்டு, சாட்சியில்லாத ஒரு குழந்தையைத் தலைப்பில் போடுகிறார் என்றால், அவருக்கு ஒரு மரக்கால், அவளுக்கு ஒரு மரக்கால். நான் கேட்பது இருவரையும் ஒரே மரக்காலால் அளந்து பாருங்கள் என்றுதான்.

இன்னொன்று. வீடியோ முழுக்க அவரை "மகாராணி" என்கிறார். சீனத்தில் அரசரின் மனைவிக்கு ஹுவாங்ஹொவ் என்று பட்டம். ஆளுகிறவருக்கு ஹுவாங்தி. 655இல் அவர் ஹுவாங்ஹொவ் ஆனார். 690இல் அறுபது வயதைத் தாண்டிய பிறகு, லுவோயாங்கைத் தலைநகராக வைத்துக்கொண்டு, சோவ் என்று தன் வம்சத்துக்கே புதுப்பெயர் சூட்டி, ஹுவாங்தி ஆனார். சீனாவின் நெடிய வரலாற்றில் அந்தப் பட்டத்தோடு ஆட்சி செய்த ஒரே பெண். பதினைந்து ஆண்டுகள். மகாராணி இல்லை, பேரரசர். "ர்" என்று முடியும் சொல் ஆணுக்கும் பெண்ணுக்கும் பொருந்தும்படி தமிழ் நமக்குக் கொடுத்திருக்கிறது. அதைக்கூடவா ஒரு பெண்ணுக்குக் கொடுக்க மனசு வராது?

"அப்போ அவங்க செஞ்ச கொலையெல்லாம் சரியா டீச்சர்?" என்று ஒருவர் கேட்டார். சரியில்லை. 686இல் கடிதம் போடச் செப்புப் பெட்டி வைத்து நாடு முழுக்கக் கோள் மூட்ட வைத்தார். லாய் ஜுன்சென் மாதிரி ஆட்களை வைத்துச் சித்திரவதை செய்தார், தாங் வம்சத்து இளவரசர்களைக் கும்பலாக ஒழித்தார். அதையெல்லாம் சொல்லுங்கள், யார் வேண்டாம் என்றது? அதோடு, 674இல் அவர் கொடுத்த பன்னிரண்டு யோசனைகளில் ஒன்று, அப்பா உயிரோடு இருந்தாலும் அம்மாவுக்கு மூன்று ஆண்டு முழுத் துக்கம் காக்க வேண்டும் என்பது. அதுவரை அப்பா இருக்கும்போது அம்மா செத்தால் துக்கம் ஓராண்டுதான். சாவில்கூட அம்மா குறைவுபட்ட காலத்தில் அதை மாற்றச் சொன்னவர் இவர். நாற்பது நிமிடத்தில் இதற்கு அரை நிமிடம் இல்லையா?

"பெண் என்பதால் வக்காலத்து வாங்குறீங்க" என்கிறவர்களுக்கு இரண்டாயிரம் ஆண்டுக்கு முந்தைய சீன வரலாற்று ஆசிரியர் ஸிமா சியெனைக் காட்டுகிறேன். ஆண்தான். ஹான் அரண்மனையில் வேலை பார்த்தவர்தான். லூ ஜி என்ற பட்டத்தரசியைப் பற்றி எழுதுகிறார். கணவர், ஹான் வம்சத்தை நிறுவிய லியூ பாங், போரில் ஓடியபோது எதிரி ஷியாங் யூவிடம் சிக்கி, இரண்டு ஆண்டுக்கு மேல் பிணைக்கைதியாகக் கிடந்தவர் அவர். திரும்பி வந்தால் கணவர் பக்கத்தில் இளம் மனைவி ச்சி, அவருடைய மகனைப் பட்டத்துக்குக் கொண்டுவரப் பேச்சு. கணவர் இறந்ததும் லூ ஜி அந்தப் பெண்ணின் கைகால்களை வெட்டி, கண்ணைப் பிடுங்கி, கழிப்பறையில் போட்டார். ஸிமா சியென் அதை ஒளிக்கவில்லை. படித்தால் சோறு இறங்காது. அதே ஸிமா சியென்தான் அதே அத்தியாயத்தின் கடைசியில், இவருடைய காலத்தில் நாடு அமைதியாக இருந்தது, தண்டனைகள் குறைந்தன, மக்கள் உழுது பயிரிட்டார்கள், சோறும் துணியும் பெருகின என்று எழுதுகிறார். அரசர்களுக்கு வைக்கும் வரிசையிலேயே அந்த அம்மாவுக்கும் ஒரு அத்தியாயம் ஒதுக்கினார்.

கி.மு. 192இல் வடக்கிலிருந்த ஷியோங்னு நாடோடிகளின் தலைவன் மோடு, "நீயும் தனி, நானும் தனி" என்று விதவையான லூ ஜிக்கு அசிங்கமாகக் கடிதம் எழுதியபோது, தளபதிகள் படையெடுப்போம் என்று குதித்தார்கள். அவர் கோபத்தை விழுங்கிக்கொண்டு, எனக்கு வயதாகிவிட்டது, முடியும் பல்லும் உதிர்ந்துவிட்டன என்று பதில் எழுதி, தேரும் குதிரையும் அனுப்பிவைத்தார். ஒரு போர் நின்றது. தன்னை அவமானப்படுத்தியவனுக்கு அப்படி ஒரு பதில் எழுத எவ்வளவு வேண்டும் என்று இந்த மூன்று நாளில் எனக்குக் கொஞ்சம் புரிகிறது.

அரண்மனை வாழ்க்கையைப் பற்றி வீடியோவில் பட்டு, நகை, சூழ்ச்சி என்றுதான் வந்தது. ஹான் வம்சத்துப் பேரரசர் வூ (இவர் வேறு வூ, ஆண்), கி.மு. 88இல், வாரிசாக்க நினைத்த சின்னப் பையனின் தாயைச் சாகவைத்தார். அரசன் குழந்தை, தாய் இளம்பெண், அதிகாரம் அவள் கைக்குப் போய்விடும் என்ற பயம். பின்னாளில் வட வெய் வம்சத்தில் இது வழக்கமாகவே ஆனது. மகனை வாரிசாக அறிவித்தால் தாய் சாக வேண்டும். இளவரசன் பிறக்கட்டும், இளவரசி பிறக்கட்டும், பட்டத்து வாரிசு மட்டும் எனக்குப் பிறக்க வேண்டாம் என்று அந்தப்புரப் பெண்கள் வேண்டிக்கொண்டார்கள். அப்படிப்பட்ட இடத்தில் உயிரோடு மிஞ்சியவர் சூழ்ச்சி செய்யாமல் எப்படி மிஞ்சியிருப்பார்?

பள்ளி வேலையை விட்ட பிறகு, கணவரின் வேலைக்காக மூன்று ஆண்டு பெய்ஜிங்கில் இருந்தோம். 2014இல் ஒரு குளிர்கால மதியம் பழைய அரண்மனைக்குள் ஓர் அறையைப் பார்த்தேன். முன்னால் அரசருக்கு ஓர் இருக்கை, அதன் பின்னால் மெல்லிய மஞ்சள் திரை, திரைக்குப் பின்னால் இன்னோர் இருக்கை. 1861இல் சிங் வம்சத்துப் பேரரசரான கணவர் செங்தேயில் இறந்தபோது, அவருடைய மனைவிகளில் ஒருவரான ட்சூ ஷிக்கு வயது 25, மகனுக்கு ஐந்து. எட்டு ஆண்கள் ஆட்சிப் பொறுப்பை எடுத்துக்கொண்டார்கள். மூத்த பட்டத்தரசி ட்சூ ஆனோடும் மைத்துனர் இளவரசர் குங்கோடும் சேர்ந்து சில மாதங்களில் அந்த எட்டுப் பேரையும் இறக்கிவிட்டு, அந்தத் திரைக்குப் பின்னால் இரு பெண்களும் உட்கார்ந்தார்கள். முன்னால் குழந்தை. பின்னாலிருந்து குரல்.

கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நின்றுகொண்டு நான் அழுதேன். எனக்கு அங்கே தெரிந்தது எங்கள் அப்பத்தா.

அப்பத்தாவுக்கு 26 வயதில் தாலி போயிற்று. மூன்று ஆண் பிள்ளைகள், பதினோரு ஏக்கர், பங்காளிகள் பிடுங்கக் காத்திருந்த நேரம். விதவை திண்ணைக்கு வரக்கூடாது. அதனால் என் பெரியப்பாவை, ஒன்பது வயசுப் பையனை, திண்ணையில் பாயில் உட்கார வைத்துவிட்டு, அப்பத்தா கதவுக்குப் பின்னால் நிற்குமாம். குத்தகைக்காரர் கணக்குச் சொல்வார். கதவுக்குப் பின்னால் வளையல்கூட இல்லை, ஒரு செருமல்தான் வரும். பெரியப்பா எழுந்து உள்ளே போய்க் கேட்டுக்கொண்டு வந்து, "இல்லை, ரெண்டு மூட்டை குறையுது" என்பார். ஒரு காணி நிலம் போகவிடவில்லை. ஊர் அதற்குக் கொடுத்த பெயர் ராங்கிக்காரி, புருஷனை முழுங்கினவ. கைமாத்து வேண்டும்போது மட்டும் அதே வாயிலிருந்து "அவுக" வரும். அவர் வெட்டிய கிணற்றின் கல்லில் தாத்தா பெயரும் மூன்று மகன்கள் பெயரும் இருக்கின்றன. தாத்தா செத்துப் பத்து வருஷம் கழித்து வெட்டிய கிணறு அது.

ட்சூ ஷி நல்லவர் என்று சொல்ல வரவில்லை. 1898இல் குவாங்ஷூ பேரரசரின் சீர்திருத்தங்களை நசுக்கினார், 1900இல் வெளிநாட்டவருக்கு எதிராகக் கிளர்ந்த பாக்ஸர்களை நம்பி நாட்டையே பெரும் கடனில் தள்ளினார். ஆனால் மேற்கு நாடுகளில் அவரைப் பற்றி உலவிய கதைகளில் பல, எட்மண்ட் பேக்ஹவுஸ் என்ற ஆங்கிலேயர் வழியாக வந்தவை. 1910இல் அவர் இன்னொருவரோடு சேர்ந்து எழுதிய புத்தகம் ஒரு மஞ்சு அதிகாரியின் நாட்குறிப்பை நம்பி நிற்கிறது. அந்த நாட்குறிப்பு போலி. இன்று யூடியூபில் ஒருவர் அடித்துப் பேசுகிற கதைக்கு அடியில் இப்படி ஒரு போலிக் காகிதம் கிடக்கலாம். சிறுவயது அரசர்களுக்காக ஆட்சி நடத்திய ஹான் வம்சத்து தெங் சுய், அரசே காகிதப் பணம் வெளியிட்ட காலத்தில் ஆட்சி நடத்திய சொங் வம்சத்து லியூ, இந்தப் பட்டத்தரசிகளைப் பற்றியெல்லாம் யாரும் வீடியோ போடுவதில்லை. அவர்கள் கதையில் பிடுங்கிய கண் இல்லை.

"நம்ம ஊர்ல ஆயிரம் பிரச்சினை இருக்க, சீனாக்காரிக்கு எதுக்கு இவ்வளவு?" என்று கேட்பவர்களுக்கு எனக்குப் பதில் சொல்லத் தோன்றவில்லை. அப்பத்தாவைப் பற்றிச் சொல்லிவிட்டேன், அது போதும்.

வூ ஸெதியனை 705இல் அரியணையிலிருந்து இறக்கினார்கள். அதே ஆண்டின் கடைசியில் இறந்தார். பேரரசர் பட்டத்தை எடுத்துவிட்டு, பட்டத்தரசியாகவே கணவர் பக்கத்தில் சியென்லிங் என்ற அரச கல்லறையில் புதைக்கச் சொன்னதாக உயில். அங்கே கணவரின் நினைவுக்கல்லில் வரி வரியாக எழுத்து. இவருடையதாகச் சொல்லும் கல்லில், வைத்தபோது ஓர் எழுத்தும் வெட்டவில்லை. நானும் போய்ப் பார்த்தேன். என் உயரத்தைப் போல நாலைந்து மடங்கு கல்.

கடைசியாக ஒன்று, இதைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. அந்தச் சிரிப்புக் குறிகளில் என்னிடம் பிளஸ் டூ படித்த இரண்டு பேரின் பெயரும் இருந்தது. உங்கள் விடைத்தாள் ஓரத்தில் சிவப்பு மையில் "யார் சொன்னது? எப்போது சொன்னது?" என்று எத்தனை முறை எழுதியிருப்பேன். கோபமில்லை. வீடு அதே வீடுதான், ஞாயிற்றுக்கிழமை காலையில் இருப்பேன். வாருங்கள், அந்த வீடியோவை முதலிலிருந்து சேர்ந்தே பார்ப்போம்.