நாட்டு மரம் என்றால் எந்த நாட்டு மரம்?

மழை தொடங்கினால் போதும், ஊட்டிக்கும் கோடைக்கானலுக்கும் லாரி லாரியாகக் கன்றுகள் ஏறுகின்றன. வேம்பு, புங்கன், அரசு, பூவரசு. "எல்லாம் நம்ம நாட்டு மரம்தாங்க" என்று நட்டு, போட்டோ எடுத்துக்கொண்டு இறங்கிவிடுகிறார்கள். மேட்டுப்பாளையத்துக்கு அவை நாட்டு மரம், மறுப்பே இல்லை. 2,200 மீட்டருக்கு மேல் இருக்கும் ஊட்டிக்கு வேம்பும் வெளியூர்தான். யூகலிப்டஸ் என்கிற கற்பூர மரமாவது வந்த இடத்தில் பிழைத்துக்கொண்டது. வேப்பங்கன்று முதல் உறைபனியிலேயே கருகிவிடும்.

கற்பூர மரம் 1840களில் ஆஸ்திரேலியாவிலிருந்து வந்தது. அதன் எண்ணெய்க்கு நாம் வைத்த பெயர் நீலகிரித் தைலம். வடக்கே மரத்துக்கே நீலகிரி என்றுதான் பெயர். இன்னொரு பக்கம், மலையுச்சிப் புல்வெளிகளுக்கு நடுவே பள்ளங்களில் அடர்ந்து நிற்கும் காடான நம்முடைய 'சோலை' ஆங்கிலத்துக்குப் போய், 'ஷோலா காடுகள்' என்று திரும்பி வந்திருக்கிறது. அதை அப்படியே எழுதுகிறவர்கள் நம் ஆட்களே!

மலையில் மரம் உயரத்துக்கு உயரம் மாறும். சங்கப் பாட்டின் வேங்கை அடிவாரத்துக்காரன். மஞ்சள் பூ உதிர்ந்து கிடக்கும் பாறையைப் புலி என்று மிரளும் காட்சியும், வெட்டினால் ரத்தம்போல் வடியும் பிசினும் முதுமலை, கூடலூர்ப் பக்கத்துச் சரிவுகளுக்கு உரியவை. அதைத் தொட்டபெட்டாவில் நட்டு என்ன பயன்? மேலே போனால் காட்டு நாவல் வகைகள், உருத்திராட்ச இனத்து விக்கி, காட்டுச் செண்பகம், இலவங்க வகைகள். கோடைக்கானல் பக்கத்துச் செண்பகனூர் தன் பெயரிலேயே மரத்தை வைத்திருக்கிறது. நீலகிரிப் பழங்குடிகளான தொதவர்களின் பால்கோயில் பூசாரிக்குத் தீட்டுக் கழிக்க 'துடுர்' மரத்தின் பட்டை வேண்டும். அதுவும் சோலை மரம்தான்.

தவறான மரத்தை நடுவதைவிடப் பெரிய தப்பு, சரியான கன்றைப் புல்வெளியில் நடுவது. புல்வெளி காலி மனை இல்லை. தொதவர் கோயில் கூரைக்கான புல், புல்வெளியை ஒட்டிய சதுப்பில்தான் வளர்கிறது. போன நூற்றாண்டில் தோல் பதனிடும் பட்டைக்கும் மரக்கூழுக்கும் என்று சீகையையும் (சீகைக்காய் இல்லை, ஆஸ்திரேலிய வாட்டில் மரம்) கற்பூர மரத்தையும் நட்டு அழித்தது இதே புல்வெளிகளைத்தான்.

சோலை ஏன் தானாகப் புல்வெளிக்குள் நகர்வதில்லை? டிசம்பர், ஜனவரியில் மேகமில்லாத இரவுகளில் குளிர்காற்று பள்ளத்தில் இறங்கித் தேங்கும். விடியும்போது புல்லெல்லாம் வெள்ளை. வெயில் பட்டதும் இலை நீரை இழக்கிறது, குளிர்ந்த மண்ணிலிருந்து வேரால் அதை ஈடுகட்ட முடிவதில்லை. சோலைக் கன்றின் மென்மையான கொழுந்து நாலைந்து நாளில் பழுப்பாகிச் சுருண்டுவிடும். தனியாகப் புல்வெளியில் நின்று சமாளிப்பது சிவப்பாகப் பூக்கும் காட்டுப் பூவரசு. சமவெளிப் பூவரசுக்கும் இதற்கும் உறவே கிடையாது. இது ரோடோடென்ட்ரான். தடித்த பட்டை இருப்பதால் புல் தீயையும் தாங்கும்.

சோலைக் கன்று வளர்க்க நினைப்பவர்களுக்கு: காட்டு நாவல் விதையைக் காயவைத்தால் செத்துவிடும். பழம் விழுந்த அன்றே பொறுக்கி, சதையைக் கழுவி, ஈரத்தோடு விதைத்துவிடுங்கள். வெயிலில் உலர்த்தி டப்பாவில் போட்டு வைப்பதுதான் நர்சரிகளில் அடிக்கடி நடக்கும் தவறு. செண்பக விதையைச் சுற்றிய எண்ணெய்ச் சதையைச் சாம்பலில் தேய்த்து எடுக்காவிட்டால் பூஞ்சை பிடிக்கும். விக்கியின் கொட்டை கல் மாதிரி. முளைக்க மாதக்கணக்கில் ஆகும், "வீணாப் போச்சு" என்று பாத்தியைக் கொத்திவிடாதீர்கள். ரோடோடென்ட்ரான் விதை தூசி போலிருக்கும். ஈரப் பாசிமேல் தூவினால் போதும், மண் போட்டு மூடினால் முளைக்காது. சுண்ணாம்பு கலந்த மண் இதற்கு ஆகாது.

கன்றுப் பையில் நிரப்ப மண் 2 பங்கு, மணல் 1, மக்கிய எரு 1. ஐம்பது சத நிழல்வலை. கன்று 2 அடி வர இரண்டு மூன்று வருடம் பிடிக்கும். அதற்குள் வேர் பைக்குள் சுருண்டுவிடும் என்பதால் நடுவில் ஒருமுறை பெரிய பைக்கு மாற்ற வேண்டும். சுருண்ட வேரோடு நட்ட கன்று சில வருடம் பச்சையாக நின்று ஏமாற்றிவிட்டு, பிறகு காற்றில் சாயும்.

நீலகிரியின் மேற்குப் பக்கத்தில் ஜூன், ஜூலையில் நடலாம். பழனிமலைக்கு வடகிழக்குப் பருவமழைதான் பெரியது, ஆகவே செப்டம்பர் கடைசி, அக்டோபர். சோலை ஓரம், ஓடைக்கரை, பழைய சீகைத் தோப்பின் நிழல், இவை மூன்றும்தான் இடம். இரண்டரை மீட்டர் இடைவெளி போதும். முதல் இரண்டு பனிக்காலமும் பெரணித் தழையால் மூடுங்கள். காட்டெருமை வரும் இடம் என்றால் வேலி இல்லாமல் ஆரம்பிக்கவே வேண்டாம்.

சீகையை மொத்தமாக வெட்டிவிட்டு நடலாம் என்பவர்கள் கொஞ்சம் பொறுங்கள். அதன் விதை மண்ணில் பல பத்தாண்டு உயிரோடு கிடக்கும். திறந்த வெளிச்சமும் தீயும் கிடைத்தால் பாய் விரித்த மாதிரி முளைக்கும். கொஞ்சம் கொஞ்சமாகக் கலைத்து, மழை ஈரத்தில் நாற்றுகளைக் கையால் பிடுங்குவதுதான் வழி. வயதான சீகைக்கு அடியில் சோலைக் கன்றுகள் தானாகவே வந்திருக்கும். முதலில் குனிந்து அவற்றை எண்ணிப் பாருங்கள், அப்புறம் லாரிக்குச் சொல்லுங்கள்.