வானமேக்கரின் அரசியல் பக்கம்

அமெரிக்க வணிகர் ஜான் வானமேக்கரைப் பற்றிய கட்டுரையைப் படித்தேன். அதில் அவருடைய ஃபிலடெல்ஃபியா கடை பற்றி நிறைய இருக்கிறது, அரசியலுக்கு ஒரே வரிதான். அது போதாது என்று நினைக்கிறேன்.

1876ல் பழைய ரயில்வே சரக்குக் கொட்டகையைக் கடையாக மாற்றி, ஒவ்வொரு துணியிலும் விலைச்சீட்டு தொங்கவிட்டவர் அவர். பேரம் கிடையாது, பிடிக்காவிட்டால் பணம் வாபஸ். என் அப்பாவும் ஜவுளிக்கடைக்காரர். ஆள் பார்த்து விலை சொல்வதை அவரால் கடைசிவரை விட முடியவில்லை. அதனால் அந்தச் சின்னச் சீட்டு எவ்வளவு பெரிய துணிச்சல் என்று எனக்குத் தெரியும்.

1889ல் அமெரிக்க ஜனாதிபதி ஹாரிசனின் அரசில் தபால் துறைத் தலைவரானார். தேர்தலுக்கு நிதி திரட்டித் தந்ததற்குக் கிடைத்த பதவி அது. கட்சிக்காரர்களுக்கு இடம் கொடுக்க ஆயிரக்கணக்கான போஸ்ட்மாஸ்டர்களை வீட்டுக்கு அனுப்பினார். அப்போது அரசுப் பணி ஆணையராக இருந்த, பின்னாளில் ஜனாதிபதியான தியோடர் ரூஸ்வெல்ட் அதற்காக அவரோடு மோதினார், அதில் நான் ரூஸ்வெல்ட் பக்கம். ஆனால் கிராமத்து விவசாயியின் வீட்டு வாசலுக்கே தபால் வர வேண்டும் என்று விடாமல் வாதாடியவரும் இவரே. அவர் பதவி விலகிய பிறகு, 1896ல் அது தொடங்கியது. அதே ஆண்டு செனட் பதவிக்கு முயன்று தோற்றார்.

அப்புறம் ஒன்று. சென்னை உயர் நீதிமன்றத்துக்கு எதிரே நிற்கும் ஒய்.எம்.சி.ஏ. கட்டடம் இவர் தந்த பணத்தில் எழுந்தது. கட்டுரையில் அதையும் சேருங்கள்.